சைக்கிள் பாதைக்கு ஒரு குறும்படம்: வேலைக் குறிப்புகள்

ஜூன் 3
கவுன்சிலருக்கும் மாநகராட்சிப் பொறியாளருக்கும் போட்டுக் காட்டும் படம் இது, விழாவுக்கு இல்லை. எனவே ஒரே சாலை, பள்ளியிலிருந்து ரயில் நிலையம் வரை, 12 நிமிடம். சென்னை மாநகராட்சி 2014-லேயே மோட்டாரில்லாப் போக்குவரத்துக் கொள்கையை ஏற்றது. போக்குவரத்து நிதியில் 60 சதவீதம் நடப்பவருக்கும் சைக்கிளுக்கும் என்கிறது அது. எழுதியதும் தெருவில் இருப்பதும் அடுத்தடுத்த ஷாட்டில் வந்தால் போதும், வர்ணனை வேண்டாம்.

ஜூன் 7
ஆக்‌ஷன் கேமராவை ஹேண்டில்பாரில் மாட்டினால் ஒவ்வொரு குழிக்கும் படம் குதிக்கும். மார்புப் பட்டையில் மாட்டினால் பாதி அதிர்வை உடம்பே வாங்கிக்கொள்ளும். வைடு ஆங்கிள் கூடவே கூடாது: உரசிக்கொண்டு போகும் பஸ்கூட அதில் எட்டிப் போவதுபோல் தெரியும், பார்ப்பவருக்குப் பயமே வராது. விளிம்பு வளையாமல் காட்டும் லீனியர் மோடு, விநாடிக்கு 50 ஃப்ரேம். 60 வைத்தால் விடியற்காலையில் தெருவிளக்கு மினுக்கும். நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ்.

இடைவெளியை நிரூபிக்க இன்னொரு கேமரா மாடியில், ட்ரைபாடில். வண்டி வராத நேரத்தில் சாலையோரத்திலிருந்து அரை மீட்டருக்கு ஒரு சாக்பீஸ் கோடு. எந்தக் கோட்டில் சைக்கிள், எந்தக் கோட்டில் பஸ் என்று பார்ப்பவரே எண்ணிக்கொள்வார்.

ஜூன் 8
காலர் மைக் சட்டைக்கு உள்பக்கம், காற்றைத் தடுக்கும் ரோமக் கவசத்தோடு. ஓட்டும்போது எடுத்த பேச்சு பெரும்பாலும் காற்றிரைச்சல்தான். நிறுத்திவைத்துப் பேசவிடுவது மேல்.

ஜூன் 16
ஈசிஆரில் (கிழக்குக் கடற்கரைச் சாலை) ஞாயிற்றுக்கிழமை கியர் சைக்கிள் ஓட்டுபவர்களைக் காட்டினால் ‘பொழுதுபோக்கு’ என்று ஒதுக்கிவிடுவார்கள். காலை 5 மணிக்குப் பால் பாக்கெட் போடுபவர், கேன் டீ விற்பவர், ஷிஃப்ட் முடிந்து திரும்பும் வாட்ச்மேன், 8 மணிக்கு அரசு கொடுத்த சைக்கிளில் பள்ளிப் பிள்ளைகள்: படம் இவர்களுடையது.

‘சைக்கிள் பாதை வேணுமா?’ என்றால் ‘இருந்தா நல்லதுதான் சார்’ என்று முடிந்துவிடும். ‘எந்த இடத்துல இறங்கித் தள்ளுவீங்கண்ணே?’ என்று கேட்டால் கையைக் காட்டுவார். அப்படிக் கை நீளும் இடங்களில் மழைநீர் வடிகாலின் இரும்பு ஜல்லடையும் ஒன்று. கம்பிகள் வண்டி போகும் திசையிலேயே கிடந்தால் இடுக்கில் முன்சக்கரம் இறங்கிவிடும். குறுக்காகத் திருப்பிப் போட்டால் தீர்ந்தது. டயரும் கம்பியும் மட்டும் தெரிய ஒரு க்ளோஸப், 8 விநாடி.

ஜூன் 24
எடிட்டிங். இன்றைய ஆம்ஸ்டர்டாமைப் போட்டால் ‘அது பணக்கார ஊர், குளிர் ஊர்’ என்பார்கள். காட்டுவதானால் கார் நிறைந்த பழைய ஆம்ஸ்டர்டாம்: 1971-இல் நெதர்லாந்துச் சாலைகளில் இறந்தவர்கள் சுமார் 3,300 பேர், 400-க்கு மேல் குழந்தைகள். பெற்றோர் தெருவில் இறங்கிப் போராடினார்கள். 20 விநாடி போதும். நம்மவர்களுக்கு இதைவிட நெருக்கம், 1990-களின் தொடக்கத்தில் அறிவொளி எழுத்தறிவு இயக்கத்தில் சைக்கிள் பழகிய புதுக்கோட்டைப் பெண்கள். பழைய படச்சுருள் எதுவானாலும் உரிமையை எழுத்தில் வாங்கவேண்டும்.

ஜூலை 2
திரையிடல் இரவு 7-க்கு மேல். ஜன்னல் வெளிச்சத்தில் சமுதாயக்கூடத்து ப்ரொஜெக்டர் வெளிறிவிடும். ‘பார்க்கிங் போச்சே’ என்று கடைக்காரர்கள் கேட்பார்கள், நியாயமான கேள்விதான். வாசலில் நிற்கும் வண்டிகளில் எத்தனை வாடிக்கையாளருடையவை, எத்தனை கடைக்காரருடையவை என்று முன்னமே எண்ணிப் படத்தில் சேர்த்தால் பேச்சு அங்கிருந்து தொடங்கும். விளக்கு போட்டதும் ஒரு பக்க மனு: ஜல்லடையைத் திருப்புதல், பள்ளி வாசலில் வேகத்தடை, பாதை முகப்பில் கார் நுழையாத அளவுக்குத் தடுப்புக் கம்பம். பைக் நுழைவதைக் கம்பம் தடுக்காது. அதற்குப் போக்குவரத்துக் காவலுக்குத் தனி மனு. இரண்டிலும் பெற்றுக்கொண்ட சீல், தேதியோடு.