தூங்கெயில்: மிதக்கும் நகரத்தின் நடுவே ஓர் உயிர்

இரண்டு ஆண்டுகளாக ஒரு கதையை எழுதிக்கொண்டிருக்கிறேன். மேகங்களுக்கிடையே மிதக்கும் ஒரு நகரம். அதன் நட்டநடுவில் 300 மீட்டர் உயரத்தில் ஒரு கட்டடம். அந்தக் கட்டடத்துக்கு உயிரும் உணர்வும் உண்டு. முதல் வரைவில் அது சுவர்களின் வழியாகப் பேசியது. குடியிருப்பவர்களைப் பெயர் சொல்லி அழைத்தது. அவர்கள் அழுதால் ஆறுதல் சொன்னது. எழுதி முடித்துப் படித்துப் பார்த்தபோதுதான், நான் படைத்திருப்பது சுவருக்குள் ஒளிந்துகொண்ட ஒரு மனிதக் குரலை மட்டுமே என்று விளங்கியது. உடல் வேறாக இருந்தால் மனமும் வேறாகத்தானே இருக்க வேண்டும்? அந்த வரைவை அப்படியே ஒதுக்கி வைத்துவிட்டு, உடலிலிருந்து மறுபடியும் தொடங்கினேன்.

பெயர் மட்டும் தேட வேண்டியிருக்கவில்லை. வானத்தில் தொங்கிய ஒரு கோட்டையைப் பழந்தமிழ் 'தூங்கெயில்' என்று அழைத்தது. அதை அழித்த சோழனைத் 'தூங்கெயில் எறிந்த தொடித்தோட் செம்பியன்' என்று போற்றியது. 'தூங்குதல்' என்ற சொல்லுக்குத் தொங்குதல் என்பது பழைய பொருள். தொங்கும் கூட்டைக் கட்டும் பறவையின் பெயரில், தூங்கணாங்குருவியில், அந்தப் பொருள் இன்றும் உயிரோடு இருக்கிறது. நமக்கோ இன்று தூங்குதல் என்றால் உறங்குதல். தொங்கவும் உறங்கவும் ஒரே சொல்லை வைத்திருக்கும் மொழியில் எழுதுகிறவனுக்கு, வானில் தொங்குகிற, அவ்வப்போது கண்ணயர்கிற ஒரு கட்டடத்துக்கு வேறு பெயர் எதற்கு? கட்டடத்தை உடலாகப் பார்ப்பதும் நமக்குப் புதிதன்று. தூணைக் கால் என்கிறோம். கோயில் விமானத்தின் ஓர் உறுப்புக்குக் கிரீவம், அதாவது கழுத்து, என்று பெயர். பின்புறம் வளைந்த விமானத்தைத் தூங்கானை மாடம் என்று அழைத்திருக்கிறார்கள்.

அடுத்து என்னை வாட்டிய கேள்வி, ஒரு கட்டடம் எதற்காகச் சிந்திக்க வேண்டும் என்பது. தேவை இல்லாத இடத்தில் அறிவு வளராது. இதற்கு எனக்கு வழி காட்டியவர் பக்மின்ஸ்டர் ஃபுல்லர் என்ற அமெரிக்கக் கட்டட வடிவமைப்பாளர். மிகப் பெரிய கோளம் ஒன்றைக் கட்டி, அதனுள் இருக்கும் காற்று வெளிக்காற்றைவிடச் சற்றே வெப்பமாக இருக்கும்படி பார்த்துக்கொண்டால், அது மனிதர்களையும் சுமந்துகொண்டு மிதக்கும் என்று அவர் சென்ற நூற்றாண்டில் முன்மொழிந்தார். நானும் கணக்குப் போட்டுப் பார்த்தேன். 1 கிலோமீட்டர் விட்டமுள்ள கோளத்துக்குள், கடல் மட்டத்தில், 6 லட்சம் டன்னுக்கும் மேற்பட்ட காற்று அடங்கும். அந்தக் காற்று வெளியைவிட 1 டிகிரி செல்சியஸ் கூடுதல் வெப்பமாக இருந்தாலே ஏறத்தாழ 2,000 டன் எடையைத் தூக்கும் வலிமை கிடைத்துவிடும். உயரே போகப் போகக் காற்றின் அடர்த்தி குறைவதால் இந்த எண்ணும் குறையும். ஆனாலும் வேண்டியது சில டிகிரி வெப்பம்தான்.

இந்தக் கணக்கைப் போட்ட இரவில் எனக்கு உறக்கம் வரவில்லை. அந்த வெப்பம் எங்கிருந்து வருகிறது என்ற கேள்விக்கு விடை கிடைத்துவிட்டது: அது தூங்கெயிலின் உடல் சூடு. அது உயிரோடு இருப்பதால்தான் நகரம் மிதக்கிறது. வெளித்தோலால் வெயிலை உண்டு, மேகத்திலிருந்து நீரைக் குடித்து, அந்த உணவைத் தன் உடலுக்குள் எரித்து, நகரத்தைச் சூழ்ந்த கோளத்துக்குள் இருக்கும் காற்றை அது வெதுவெதுப்பாக வைத்திருக்கிறது. அதற்குக் காய்ச்சல் வந்தால் நகரம் மேலே ஏறும்; உடம்பு குளிர்ந்தால் நகரம் கீழே இறங்கும். எத்தனை பேர் வந்து குடியேறினார்கள், இன்றிரவு எவ்வளவு குளிரும், சேர்த்து வைத்த உணவு விடியும் வரை தாங்குமா என்று ஒவ்வொரு நாளும் கணிக்க வேண்டிய ஓர் உயிருக்கு அறிவு வராமல் வேறு எதற்கு வரும்?

ஆனால் அந்த அறிவு விரைவானதாக இருக்க முடியாது என்பதில் நான் உறுதியாக இருக்கிறேன். நம் உடலில் மிக விரைவான நரம்புகள் நொடிக்கு 100 மீட்டருக்கும் மேல் செய்தி அனுப்புகின்றன. செடியின் கதை வேறு. ஓர் இலையைப் புழு கடித்தால், அந்தச் செய்தியைச் சுமந்து செல்லும் கால்சியம் அலை நொடிக்கு 1 மில்லிமீட்டர் அளவிலேயே நகர்கிறது. தூங்கெயில் மரத்துக்கு நெருங்கிய உறவு. அதன் அடித்தளத்தில் ஏற்படும் வலி 300 மீட்டர் ஏறி உச்சியிலுள்ள அறிவை எட்டுவதற்கு ஏறத்தாழ மூன்றரை நாள் ஆகும். அதுவரை கீழ்த்தளம் கைகட்டிக்கொண்டு நிற்க முடியாதல்லவா? அதனால் ஆக்டோபஸிடமிருந்து கடன் வாங்கினேன். அதன் ஏறத்தாழ 50 கோடி நரம்பணுக்களில் மூன்றில் இரண்டு பங்கு கைகளிலேயே இருக்கின்றன. தலையைக் கேட்காமலே கை தன் வேலையைப் பார்த்துக்கொள்கிறது. தூங்கெயிலின் ஒவ்வொரு தளமும் அப்படித்தான்: தானே கதவை இறுக்கிக்கொள்ளும், தானே விரிசலை மூடும். 'இது எனக்கு நேர்ந்தது' என்று உணர்வது மட்டும் உச்சியின் வேலை.

இந்த உடல் அமைந்த பிறகு, கதை தானாகவே ஓர் ஆணியில் வந்து நின்றது. நகரத்துக்குப் புதிதாக வந்த ஒரு சிறுமி, இருட்டுக்குப் பயந்து, விளக்கு மாட்டுவதற்காக அடித்தளச் சுவரில் ஆணி அடிக்கிறாள். மூன்று அடியிலேயே ஆணி இறங்கிவிடுகிறது. அதைச் சுற்றித் தேன்நிறத்தில் ஒரு துளி கசிகிறது. விரலால் தொட்டால் ஒட்டுகிறது. முகர்ந்து பார்த்தால் மழை நனைத்த மரப்பட்டையின் வாசம். பக்கத்து அறைக் கதவு படாரென்று மூடிக்கொள்கிறது. அதன் பிறகு ஒன்றுமே நடக்கவில்லை. நான்காம் நாள் காலையில் உச்சித் தளத்தின் சன்னல்கள் எல்லாம் ஒருசேர நடுங்குகின்றன; நகரம் ஒரு முழம் கீழே இறங்குகிறது; பெரியவர்கள் காரணம் தெரியாமல் ஓடுகிறார்கள். காரணம் தெரிந்தவள் அவள் ஒருத்திதான்.

ஆணியைப் பிடுங்கினால் இன்னும் வலிக்குமோ என்று அஞ்சி, அவள் அதை அப்படியே விட்டுவிட்டு, அதற்குப் பக்கத்தில் உள்ளங்கையை வைத்து மன்னிப்புக் கேட்கிறாள். கேட்டது மேலே போய்ச் சேர மூன்றரை நாள், விடை கீழே வர மூன்றரை நாள். நாள்தோறும் அதே இடத்தில் அவள் கையை வைத்துப் பார்க்கிறாள். கம்பி வேலியை மரம் மெல்ல விழுங்குவதைப் போல, சுவர் ஆணியின் தலையைச் சுற்றி விளிம்பு கட்டத் தொடங்குகிறது. ஆனால் அது அந்தத் தளம் தானாகச் செய்கிற வேலை என்பது அவளுக்குத் தெரியும். ஆறாம் நாள் வரை சுவர் குளிர்ந்தே கிடக்கிறது. ஏழாம் நாள் மாலை, ஆணியைச் சுற்றி ஓர் உள்ளங்கை அளவு இடம் மட்டும் வெதுவெதுப்பாக இருக்கிறது.