கிரிக் என்றால் கிராக் சொல்ல வேண்டும்

கூவாவில் குடியேறிய இரண்டாவது வாரமே வீட்டுக்கார அம்மாவிடம் திட்டு வாங்கினேன். வாடகை விஷயம் இல்லை. சாயங்காலம் ஆறு மணி இருக்கும், மகள் கொல்லையில் மாமரத்தடியில் விளையாடிக்கொண்டிருந்தாள், இருட்டிக்கொண்டு வருகிறதே என்று படியில் நின்று அவள் பெயரைச் சொல்லி நாலு வீட்டுக்குக் கேட்கும்படி கூப்பிட்டேன். மாடியிலிருந்து ஆன்ட்டி விறுவிறுவென்று இறங்கி வந்தார்.

"இந்த நேரத்துல பிள்ளை பேரை இப்படியா கத்துவே? எதெது நின்னு கேட்டுக்கிட்டு இருக்கோ!"

எது நின்று கேட்கும் என்று நான் முழித்தேன். அப்படித்தான் ட்வென் எனக்கு அறிமுகமானது.

முன்கதை கொஞ்சம் சொல்லிவிடுகிறேன். கரீபியன் தீவான டிரினிடாடில் பாயின்ட் லிஸாஸ் என்று ஒரு தொழிற்பேட்டை, கடலை ஒட்டி வரிசையாக அம்மோனியா, மெத்தனால் ஆலைகள். அதில் ஒன்றில் மூன்று வருட ஒப்பந்தத்துக்கு 2009இல் போனேன். குடியிருந்தது பக்கத்து ஊரான கூவாவில். அந்தப் பக்கத்தில் பல வீடுகள் தூண்மேல் நிற்கும், மேலே குடித்தனம், கீழே திறந்த தரை. ஆன்ட்டி கீழே பாதியைச் சுவர் வைத்து அடைத்து எங்களுக்கு விட்டிருந்தார். மீதிப் பாதியில் ஒரு ஹேமக் என்கிற தொங்கு படுக்கை, நாலு பழைய நாற்காலி, துணி காயும் கொடி. அவருடைய பகல் பூராவும் அந்த ஹேமக்கில்தான் போகும். வயது எழுபத்தைந்தைத் தாண்டிவிட்டது. தெருவுக்கே அவர் ஆன்ட்டி, எனக்கும் ஆன்ட்டி, நான் அவருக்கு 'பேட்டா'. அவருடைய தாத்தா பாட்டி போஜ்புரி பேசியவர்கள், அதில் மிஞ்சியது ஆஜி, நானி, பேட்டா, கத்தரிக்காய்க்கு பைகன், இப்படிக் கொஞ்சம் வார்த்தைகள். மற்றபடி பேசுவது டிரினிடாட் ஆங்கிலம், முதல் ஆறு மாதம் எனக்குப் பாதிதான் புரிந்தது. அவர் பேச்சை இங்கே நம் பேச்சாகவே எழுதுகிறேன், அந்த ராகம் எனக்கு வராது.

சரி, ட்வென். ஞானஸ்நானம் பெறாமல் செத்துப்போன குழந்தைகள் ட்வென் ஆகிவிடுமாம். முகம் கிடையாது, வாய் மட்டும் உண்டு. தலையில் காளான் குடை மாதிரி பெரிய ஓலைத் தொப்பி. பாதம் இரண்டும் பின்பக்கமாகத் திரும்பியிருக்கும், அதனால் காலடித் தடத்தைப் பார்த்துத் தேடிப் போகிறவன் நேர் எதிர்த்திசையில் போவான். பெரியவர்கள் பிள்ளைகளைக் கூப்பிடும்போது பெயரைக் கேட்டு வைத்துக்கொள்ளும், அப்புறம் அதே பெயரைச் சொல்லிக் கூப்பிட்டுக் காட்டுக்குள் கூட்டிப் போய்விடும்.

ஆன்ட்டி வீட்டு முன்னால் மூங்கில் கம்புகளில் சிவப்பும் மஞ்சளுமாகப் பூஜைக் கொடிகள் பறக்கும். ஜண்டி என்பார்கள், இந்து வீடு என்பதற்கு அங்கே அதுதான் அடையாளம். நான் சும்மா இருக்கவில்லை. "ஆன்ட்டி, ஞானஸ்நானம் வாங்காத பிள்ளைதான் ட்வென்னா, உங்க பேரப்பிள்ளைங்க, என் பொண்ணு, யாருமே வாங்கலையே?"

ஒரு நொடிகூட யோசிக்கவில்லை அவர். "அதனாலதானே ஜாக்கிரதையா இருன்னு சொல்றேன்."

அன்றிலிருந்து விளக்கு வைத்தபிறகு எங்கள் வீட்டில் மகளுக்குப் பெயர் கிடையாது, 'ஏய் குட்டி'தான். ஊருக்குத் திரும்பி இத்தனை வருடமாகியும் என் மனைவி அப்படித்தான் கூப்பிடுகிறாள், கேட்டால் வாயில் அதுதான் வருகிறது என்பாள்.

கதைகள் ஒழுங்காகக் கிடைத்தது மழைக்காலத்தில். டிரினிடாடிலும் 'கரண்ட்' என்றுதான் சொல்வார்கள், அந்த ஒரு வார்த்தை எனக்கு முதல் நாளே புரிந்தது. கரண்ட் போனால் பக்கத்து வீட்டுப் பிள்ளைகள் தூண்களுக்கு நடுவே வந்து சேர்ந்துவிடும். ஆன்ட்டி ஒரு மண்ணெண்ணெய் விளக்கைத் தரையில் வைத்துவிட்டு ஹேமக்கில் சாய்ந்துகொண்டு, "கிரிக்!" என்பார். பிள்ளைகள் ஒரே குரலில் "கிராக்!" நாங்கள் பாட்டுக்கு நாற்காலியில் உட்கார்ந்திருந்தோம். அவர் எங்களைப் பார்த்தபடி திரும்ப "கிரிக்" என்றார். நாங்கள் சிரித்தோம். அவர் கதையைத் தொடங்கவே இல்லை.

"பதில் சொல்லாதவங்க தூங்குறாங்கன்னு அர்த்தம். தூங்குறவங்களுக்கு நான் எதுக்குக் கதை சொல்லணும்?"

அப்புறம் சொன்னோம். தொடக்கத்தில் மட்டும் சொன்னால் போதும் என்று நினைத்துவிடாதீர்கள், கதை நடுவில், யாராவது கொட்டாவி விடுகிற நேரம் பார்த்து இன்னொரு கிரிக் வந்து விழும். என் மனைவி பழக்க தோஷத்தில் 'உம்' கொட்டுவாள், அவளுடைய அப்பாயி அப்படிப் பழக்கியிருந்தார். ஆன்ட்டிக்கு அது ரொம்பப் பிடித்துவிட்டது, பசு மாடு மாதிரி நல்ல சத்தம் என்றார். பாராட்டா, இல்லையா என்று இன்றுவரை தெரியவில்லை.

சில நாள் பிள்ளைகள் கிராக்கோடு நிற்காமல், பொமராக் பழத்துக்கு ஆசைப்பட்டுக் குரங்கு முதுகை உடைத்துக்கொண்டது என்று ஒரு வரியையும் சேர்த்துக் கத்துவார்கள். பொமராக் நம் ஜம்பு நாவலுக்குச் சொந்தக்காரப் பழம், வெளியே நல்ல சிவப்பு, உள்ளே பஞ்சு வெள்ளை, கடித்தால் லேசாக ரோஜா வாசனை. கதை முடிந்தால் அதற்கும் ஒரு வரி உண்டு: "த வயர் பென்ட், த ஸ்டோரி என்ட்." கம்பி வளைஞ்சது, கதை முடிஞ்சது. அதைச் சொல்லிவிட்டால் மேற்கொண்டு ஒரு கேள்வி கேட்கக்கூடாது. செத்தவன் என்ன ஆனான், அந்தப் பெண் திரும்பி வந்தாளா, எதுவும்.

எங்கள் ஆலையில் ஜமைக்காக்காரர் ஒருவர் இருந்தார், இராத்திரி ஷிஃப்டில் அனன்சி கதைகள் சொல்லுவார். அனன்சி சிலந்தி, சில சமயம் மனிதன், எப்போதும் போக்கிரி. கானா பக்கத்து அக்கான் மக்களின் கதை, அடிமைக் கப்பலில் ஏறி வந்தது. உலகத்து அறிவையெல்லாம் ஒரு பானையில் அடைத்து வயிற்றில் கட்டிக்கொண்டு உச்சி மரத்தில் ஒளித்துவைக்க ஏறுகிறான், பானை இடிக்கிறது, ஏற முடியவில்லை. கீழேயிருந்து மகன், "அப்பா, முதுகுல கட்டிக்கிட்டு ஏறேன்" என்கிறான். எல்லா அறிவும் என்னிடம் இருக்கும்போது இந்தப் பொடியனுக்கு இது எப்படித் தெரிந்தது என்று கடுப்பில் பானையைப் போட்டு உடைத்துவிடுகிறான். கதை முடிந்ததும் நண்பர் "ஜாக் மண்டோரா, மீ நோ சூஸ் நன்" என்பார். ஜாக் மண்டோரா சொர்க்கத்து வாசல்காரனாம். அவனிடம் கதை சொல்கிறவன் சத்தியம் பண்ணுகிறான்: இந்தக் கதையில் உள்ள பொய், திருட்டு எதுவும் என்னுடையது அல்ல, நான் பொறுப்பில்லை. மிஸ் லூ என்று ஜமைக்காவே கொண்டாடிய லூயிஸ் பென்னட், வானொலியிலும் தொலைக்காட்சியிலும் இந்த மாதிரிக் கதைகளை ஊர்ப் பேச்சிலேயே சொன்னவர், 2006இல்தான் காலமானார். அவர் பேசுவதைக் கேட்டுத்தான் தன் அம்மாவுக்குத் தன் பாஷையில் இருந்த கூச்சமே போயிற்று என்றார் நண்பர்.

டிரினிடாட் கதைகளில் ஆட்கள் வேறு. லாஜாப்லெஸ் என்று ஓர் அழகி, நீளப் பாவாடை, ஒரு கால் மனிதக் கால், இன்னொன்று மாட்டுக் குளம்பு. குளம்பு தெரியக்கூடாது என்று ஒரு காலைப் புல்லில் வைத்தே நடப்பாள், விருந்து முடிந்து இராத்திரி தனியாக வரும் ஆண்களை மயக்கிக் காட்டுக்குள் விட்டுவிடுவாள். பாப்பா புவா காட்டுக் கிழவர், மிருகங்களுக்குக் காவல், அவரைப் பார்த்தால் மரியாதையாக வணக்கம் வைக்க வேண்டும், காலை மட்டும் உற்றுப் பார்க்கக்கூடாது. பெயர்களெல்லாம் பிரெஞ்சு. தீவு பிரான்சிடம் இருந்ததே இல்லை, ஆனால் 1783இல் ஸ்பெயின் அரசு கத்தோலிக்கக் குடியேறிகளுக்கு நிலம் தருகிறேன் என்று அறிவித்ததும் மற்றத் தீவுகளிலிருந்து பிரெஞ்சுத் தோட்ட முதலாளிகள் அடிமைகளோடு வந்து இறங்கிவிட்டார்கள். 1797இல் பிரிட்டிஷ்காரன் பிடித்த பிறகும் சனங்கள் பேசியது பிரெஞ்சுக் கலப்பு மொழிதான். அடிமை முறை ஒழிந்ததும் கரும்பு வெட்ட ஆள் வேண்டுமே, 1845 மே 30ஆம் தேதி முதல் கப்பலில் இந்தியர்கள் வந்தார்கள், 1917 வரை மொத்தம் ஒரு லட்சத்து நாற்பதாயிரத்துக்கும் மேல். கல்கத்தாவில் ஏறியவர்கள்தான் அதிகம், சென்னையிலிருந்து கொஞ்சம். ஏற்கெனவே அங்கே இருந்த பேய்களோடு இவர்கள் கொண்டுவந்த சுடைலும் சேர்ந்துகொண்டது, பிரசவத்தில் செத்த பெண், கைக்குழந்தையோடு அழுதுகொண்டே அலைவாள். ஆன்ட்டிக்கு இதில் எது யாருடையது என்ற கணக்கே கிடையாது. எல்லாம் கூவாப் பேய்கள். அந்தப் பாலத்துக்கிட்ட, இந்த வளைவுல, என் சித்தப்பன் மகன் பார்த்தான், அவ்வளவுதான்.

ஊருக்கு வெளியே ஒரு பெரிய இலவ மரம் இருந்தது. எங்கள் தஞ்சாவூர்ப் பக்கத்தில் இலவம் என்றால் தலையணைப் பஞ்சு, யாரும் அண்ணாந்துகூடப் பார்க்க மாட்டோம். அங்கே அதே மரம் வேர் ஒவ்வொன்றும் ஆளுயரச் சுவராக எழும்பி, அடிமரம் ஒரு அறை அகலத்துக்கு நிற்கிறது. ஆவி குடியிருக்கிறது என்று வெட்ட யாருக்கும் துணிச்சல் வராது.

இராத்திரி லேட்டாக வீட்டுக்கு வந்தால் வாசலில் திரும்பி நின்று, பின்பக்கமாக நடந்து உள்ளே போக வேண்டும், கூட வந்தது வெளியிலேயே நின்றுவிடும். இது ஆன்ட்டி எனக்குப் போட்ட சட்டம். ஷிஃப்ட் முடிந்து இரண்டு மணிக்கு வந்த ஒரு நாள், அவர் மேலேயிருந்து எட்டிப் பார்ப்பது தெரிந்ததால் மரியாதைக்கு அப்படியே நடந்தேன். நாயின் தட்டில் கால் வைத்து விழுந்து முழங்கையில் சிராய்ப்பு. காலையில் ஆன்ட்டி, "பார்த்தியா, ஏதோ வந்திருக்கு" என்றார்.

பிள்ளைகள் அதிகம் கேட்டது சூக்குயா கதையைத்தான். சூக்குயா பகலில் சாதாரணக் கிழவி. இராத்திரி தோலை உரித்துச் சுருட்டி உரலுக்குள் வைத்துவிட்டு, நெருப்புப் பந்தாகப் பறந்து சாவித் துவாரம் வழியாக நுழைந்து தூங்குகிறவர்களின் இரத்தத்தைக் குடிப்பாள். காலையில் கையிலோ தொடையிலோ நீலமாகக் கன்றியிருந்தால் அவள் வேலை. தோலைக் கண்டுபிடித்து உள்ளே உப்பும் மிளகாயும் தடவி வைத்துவிட்டால் திரும்பி வந்து போட முடியாது, எரியும். "தோலே, தோலே, என்னைத் தெரியலையா?" என்று அவள் கெஞ்சுகிற இடத்தில் ஆன்ட்டி குரலை மெலிசாக்கி இழுப்பார், என் மகள் அம்மா மடியில் போய் ஒளிந்துகொள்வாள். இன்னொரு வழி அரிசி. வாசலில் ஒரு கை அரிசியை இறைத்துவிட்டால் ஒவ்வொரு மணியாகப் பொறுக்கி எண்ணி முடிக்காமல் அவளால் நகர முடியாது, அதற்குள் விடிந்துவிடும், மாட்டிக்கொள்வாள்.

கிளம்புவதற்குச் சில மாதம் முன்பு ஒரு நாள். மழை, கரண்ட் இல்லை, பிள்ளைகள் யாரும் வரவில்லை, மகள் தூங்கிவிட்டாள். எதிரே கரும்பு நின்ற நிலமெல்லாம் அரசுச் சர்க்கரை நிறுவனம் 2003இல் மூடியதிலிருந்து புதர். ஆன்ட்டி அதைப் பார்த்துக்கொண்டு பழையதைப் பேசிக்கொண்டிருந்தார். அறுவடைக்கு முன் கரும்புக்குத் தீ வைப்பார்கள், காயப்போட்ட துணியிலெல்லாம் கரி வந்து விழும், அம்மா திட்டிக்கொண்டே திரும்பத் துவைப்பார். வரிசையாக லயன் வீடுகள், எல்லாருக்கும் ஒரே குழாய். அப்படியே பேசிக்கொண்டே வந்து, கடைசி அறையில் ஒரு கிழவி இருந்தாள் என்றார்.

யுத்த காலம், இவருக்கு ஒன்பது வயது. ஆண்களில் பாதிப் பேர் கரும்பை விட்டுவிட்டு அமெரிக்கப் படைத்தளத்தில் கூலி அதிகம் என்று போய்விட்டார்கள். கப்பலில் அரிசி வரவில்லை. அந்தக் கிழவி மதராஸி, ஒண்டிக்கட்டை, இரவில் தனக்குத்தானே ஏதோ பாஷையில் பேசிக்கொண்டிருப்பாள், அது யாருக்கும் விளங்காது. பிள்ளைகள் கூடி முடிவு செய்துவிட்டார்கள், சூக்குயாதான். யார் அரிசி கொண்டுவருவது? இவர் அம்மாவின் டப்பாவிலிருந்து ஒரு கை அள்ளிக்கொண்டு போய் இருட்டில் அவள் வாசலில் இறைத்திருக்கிறார். விடியும் முன்பே எழுந்து எல்லாரும் கரும்புக்குள் ஒளிந்து பார்த்தார்கள்.

"வந்தா. குனிஞ்சா. ஒண்ணொண்ணா எடுத்துத் தட்டுல போட்டா. நாங்க ஒருத்தரை ஒருத்தர் கிள்ளிக்கிட்டோம், எண்ணுறா பாரு, எண்ணுறா பாருன்னு."

ஹேமக்கை ஒரு காலால் நிறுத்தினார்.

"அவ எண்ணலை, பேட்டா. மண்ணை ஊதி ஊதி எடுத்தா. உள்ள போய் அடுப்பு பத்தவச்சா."

அரிசி குறைந்ததற்கு அம்மாவிடம் அடி வாங்கினாராம். எங்கே போயிற்று என்று மட்டும் சொல்லவில்லையாம். அந்தக் கிழவி பேசியது எந்தப் பாஷை என்று நான் கேட்டேன், மதராஸி என்றால் தமிழாகவும் இருக்கலாம், தெலுங்காகவும் இருக்கலாம். "நீயும் உன் பொண்டாட்டியும் உள்ள சண்டை போடுறப்ப கேக்குமே, அந்த மாதிரி வேகமா இருக்கும்" என்றார். அவ்வளவுதான் அவருக்குத் தெரிந்தது.

கரண்ட் வந்தது. ஆன்ட்டி விளக்கை ஊதி அணைத்துவிட்டு, கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு மெதுவாக மாடிக்கு ஏறிப் போனார். கதவைச் சாத்திய பிறகு மனைவிதான் கேட்டாள்: "ஏங்க, இன்னைக்கு அவங்க கிரிக்கும் சொல்லலை, கம்பி வளைஞ்சதுன்னும் சொல்லலையே, கவனிச்சீங்களா?"