8 நிமிடம் 46 நொடி

ஜூன் 3, செவ்வாய்

புதுத் தொடர்கதைக்குக் களம் முடிவாகிவிட்டது: கால மந்திரம் கற்றுத் தரும் ஒரு பல்கலைக்கழகம். மூன்று நாளாக உட்கார்ந்து பாடத்திட்டம் எழுதினேன். இன்று எல்லாவற்றையும் கிழித்துப் போட்டேன். முதலாம் ஆண்டு காலத்தை நிறுத்துவது, இரண்டாம் ஆண்டு பின்னால் போவது, மூன்றாம் ஆண்டு செத்துப்போன தாத்தாவைக் காப்பாற்றுவது. கையை நீட்டினால் காக்கை அந்தரத்தில் தொங்கும். எத்தனை தடவை பார்த்தாயிற்று! இந்த மந்திரவாதிகள் ஒருவருக்காவது நேரத்தை அளக்கத் தெரியுமா என்றால் தெரியாது. அளக்கத் தெரியாதவன் எதைப் பிடித்து நிறுத்துவான்?

அக்கா மகன் கேட்டான்: "அந்த காலேஜுக்கு லேட்டா போனா என்ன ஆகும் மாமா?"

பதில் வரவில்லை. கேள்வியை மட்டும் குறித்து வைத்தேன்.

ஜூன் 5, வியாழன்

பேருந்தில் தொங்கிக்கொண்டு வரும்போது தோன்றியது. மாத்திரை! மருந்துக் கடை மாத்திரை இல்லை, இலக்கண மாத்திரை. கண் இமைக்கும் நேரம், கை நொடிக்கும் நேரம் என்று தொல்காப்பியம் அதற்கு அளவு சொல்கிறது. குறிலுக்கு 1, நெடிலுக்கு 2, மெய்க்கு அரை. பள்ளிக்கூடத்தில் இரண்டு மதிப்பெண்ணுக்காக உருப்போட்டுவிட்டு மறந்துபோனது. எழுத்துக்கு எழுத்து நேரத்தை அளந்து வைத்திருக்கும் மொழி கையில் இருக்கிறது, நான் மந்திரக்கோலைத் தேடிக்கொண்டிருக்கிறேன்.

சரி, விதி இதுதான். நெடிலை அளபெடுத்தால், அதாவது இன்னும் நீட்டி ஒலித்தால், 3 மாத்திரை. மந்திரம் சொல்லும்போது ஒரு நெடிலை அளபெடுத்தவன், தான் இருக்கும் அறைக்கு ஒரு மாத்திரை நேரம் கூட்டுகிறான். அது சும்மா வராது. அதே ஊரில் வேறு யாருடைய பேச்சிலாவது அந்த அளவுக்கு எழுத்துகள் குறுகிப்போகும். எனவே முதலாம் ஆண்டு முழுக்க எழுத்திலக்கணம். பறக்கலாம் என்று வந்து சேர்ந்த பையன்கள் குற்றியலுகரத்தில் அரியர் வைப்பார்கள்.

இறுதியாண்டுக்கு மகரக்குறுக்கம்: 'ம்' தன் அரை மாத்திரையில் இருந்து குறுகிக் கால் மாத்திரை ஆவது. 'போன்ம்' என்று வாய்விட்டுச் சொல்லிப் பாருங்கள். கடைசி 'ம்' உதட்டுக்கு வருவதற்குள் போயே விடுகிறது. அந்தக் கால் மாத்திரைக்குள் நுழைந்து வெளியே வந்தால்தான் பட்டம்.

ஜூன் 8, ஞாயிறு

சமையலறையில் பரிசோதனை. முல்லைப்பாட்டில், பாசறையில் அரசனுக்குப் பொழுது சொல்ல வருகிறவர்களை 'பொழுது அளந்து அறியும் பொய்யா மாக்கள்' என்கிறார் புலவர். அவர்கள் கையில் இருந்தது 'குறுநீர்க் கன்னல்', அதாவது நீர்க்கடிகாரம். நேரம் சொல்கிறவனுக்கு முதல் தகுதி பொய் சொல்லாமை! பேராசிரியர் பதவிக்கு இதைவிட நல்ல பெயர் கிடைக்காது.

நாழிகை வட்டில் என்ற நீர்க்கடிகாரத்தில் ஒரு வகை, அடியில் துளையிட்ட கிண்ணம். தண்ணீரில் மிதக்கவிட்டால் மெல்ல நிரம்பி மூழ்கும். கிண்ணத்தைத் துளைக்க அம்மா விடவில்லை; கொட்டாங்குச்சி கிடைத்தது. ஊசியைப் பழுக்கக் காய்ச்சிக் குத்தினேன். முதல் தடவை 4 நிமிடத்தில் மூழ்கியது. துளையை மெழுகால் அடைத்து இன்னும் சிறிதாகக் குத்தினால் 40 நிமிடம் ஆகியும் மிதக்கிறது, அதுவும் ஒரு பக்கம் சாய்ந்து. சாய்வைச் சரிசெய்ய உள்ளே ஒரு ரூபாய் நாணயம் போட்டேன். ஏழாவது தடவை 23 நிமிடம் 40 நொடி. ஒரு நாழிகைக்கு, அதாவது 24 நிமிடத்துக்கு, 20 நொடிதான் குறைவு! மதியம் வெயிலில் சுட்ட தொட்டித் தண்ணீரில் விட்டபோது இன்னும் சீக்கிரம் மூழ்கியது. வெந்நீர் சிறு துளையில் வேகமாக ஏறுகிறது. அப்படியானால் கோடையில் நாழிகை குட்டையா? இதற்கென்று ஒரு துறையே வைக்கலாம்.

அடுத்த சோதனைக்கு வாளியைத் தூக்கினேன். அம்மா தடுத்தார்: "நாலரை ஆயிடுச்சு, ராகு காலம். முடியட்டும்." பகலை எட்டாகப் பிரித்தால் ஞாயிற்றுக்கிழமைக்குக் கடைசிப் பங்கு, நாட்காட்டியில் 4.30 முதல் 6 என்று இருப்பது சூரியன் ஆறுக்கு உதித்து ஆறுக்கு மறைவதாக வைத்த கணக்கு. சென்னையில் இப்போது சூரியன் மறைய ஆறரை தாண்டுகிறது, ஆகவே ராகு காலம் ஐந்தை ஒட்டித்தான் தொடங்கும் என்றேன். அம்மா கொஞ்சம் யோசித்தார். "அப்போ நாலரையில இருந்து ஆறரை வரைக்கும் சும்மா இரு" என்றார்.

ஜூன் 9, திங்கள்

அலுவலகம். நேரமில்லை. சிரிக்காதீர்கள்.

ஜூன் 12, வியாழன்

பல்கலைக்கழகம் எங்கே இருக்கிறது என்று தெரிந்துவிட்டது. நுங்கம்பாக்கத்தில்!

1792இல் கிழக்கிந்தியக் கம்பெனி அங்கே வானாய்வகம் கட்டியது. தொலைநோக்கியைத் தாங்க நிறுத்திய கருங்கல் தூண் இன்றும் வானிலை ஆய்வு மைய வளாகத்தில் நிற்கிறது. அதில் தமிழ் எழுத்தும் உண்டு. 1802இல் அந்த வானாய்வகத்தின் வானியலாளர் கோல்டிங்ஹாம் அங்கிருந்து மெட்ராஸ் நேரத்தைக் கணித்தார்: கிரீன்விச்சுக்கு 5 மணி 21 நிமிடம் 14 நொடி முன்னால். ரயில்கள் பல காலம் அந்த நேரத்துக்குத்தான் ஓடின. 1906இல் இந்தியத் திட்ட நேரம் வந்து ஐந்தரை மணி என்றானது. (பம்பாய் தன் நேரத்தை 1955 வரை விடவில்லை. அந்தப் பிடிவாதத்தை வைத்தே இன்னொரு கதை எழுதலாம்.)

கழித்துப் பாருங்கள். 8 நிமிடம் 46 நொடி. மெட்ராஸ் கடிகாரங்களை முன்னால் தள்ளியபோது முள் தாண்டிப் போன நேரம், யாரும் வாழாத நேரம். பழைய கணக்கில் ஒரு விநாடி இப்போதைய 24 நொடி என்பதால், 22 விநாடிக்குக் கொஞ்சம் குறைவு. என் பல்கலைக்கழகம் அதற்குள்தான் இருக்கிறது. அங்கே இன்னும் மெட்ராஸ் நேரம்தான்.

ஜூன் 14, சனி

அக்கா மகன் வந்திருந்தான். பதிலைச் சொன்னேன்: நம் கடிகாரத்தில் 9 மணி என்றால் அங்கே 8 மணி 51 நிமிடம் 14 நொடி. ஆகவே 8 நிமிடம் 46 நொடி வரை எவ்வளவு தாமதமாகப் போனாலும் அங்கே தாமதமே இல்லை.

"அப்போ 47ஆவது செகண்டுல போனா?"

வாயிலில் ஒரு வாளி. அதில் கொட்டாங்குச்சி மிதக்கிறது. ஒருத்தி மூச்சிரைக்க ஓடி வருகிறாள். அவள் கண்ணெதிரே அது மூழ்குகிறது. உள்ளே இருந்த நாணயம் வாளியின் அடியில் தட்டும் சத்தம் கேட்கிறது.

முதல் அத்தியாயத்தை இன்று இரவே தொடங்குகிறேன்.