ஆம்பல்னு ஒரு பேரா?

மகள் பெயரைக் கேட்பவர்கள் முதல் தடவை "என்னது?" என்பார்கள். இரண்டாம் தடவை "அம்பாளா?" என்பார்கள். மூன்றாம் தடவை ஆ-வை நன்றாக நீட்டி, கடைசி ல்-ஐ அழுத்திச் சொன்னால்தான் "ஆம்பல்... அப்படின்னா என்னம்மா?" என்று வரும். ஐந்து வருஷமாக பஸ்ஸில், ரேஷன் கடையில், தடுப்பூசி போடுகிற இடத்தில், கல்யாணப் பந்தியில் என்று இதைச் சொல்லிக்கொண்டே இருக்கிறேன். எனக்கு அலுக்கவே இல்லை. ஆனால் பந்தியில் ரசம் வருவதற்குள் சொல்லி முடிக்கிற விஷயம் இல்லை இது. அதனால்தான் ஒரு தடவை முழுசாக எழுதிவிடலாம் என்று உட்கார்ந்தேன்.

ஆம்பல் என்றால் அல்லிப்பூ. குளத்தில் பூக்குமே, அதுதான்.

நாங்கள் நீடாமங்கலம் பக்கம். கல்லணையில் பிரிந்து வருகிற வெண்ணாறு, மூணாறு தலைப்பில் வெண்ணாறு, கோரையாறு, பாமணியாறு என்று மூன்றாகும் இல்லையா, அங்கிருந்துதான் எங்கள் வாய்க்காலுக்குத் தண்ணீர். 2020-ல் மேட்டூரை ஜூன் 12-ஆம் தேதியே திறந்தார்கள். பல வருஷத்துக்கு அப்புறம் உரிய தேதியில் திறந்தது அந்த வருஷம்தான். 16-ஆம் தேதி கல்லணை திறந்தது. தண்ணீர் எங்கள் ஊருக்கு வந்து, வாய்க்கால் வழியாகக் குளத்தில் இறங்கும்போது எனக்கு எட்டாம் மாசம். கொரோனா சமயம், எங்கேயும் போக முடியாது, சாயங்காலம் குளத்துப் படித்துறை வரைக்கும் நடந்துவிட்டு வருவேன். கோடை முழுக்க அந்தக் குளம் பாளம் பாளமாக வெடித்துக் கிடந்தது, ஆடு மேய்ந்தது, பையன்கள் கிரிக்கெட் ஆடினார்கள். தண்ணீர் வந்து ஒரு மாசம்கூட ஆகவில்லை, தட்டுத் தட்டாக இலை மேலே வந்துவிட்டது. அப்புறம் ஒரு சாயங்காலம் வெள்ளையாக ஒரு மொட்டு. யாரும் நடவில்லை, யாரும் விதைக்கவில்லை. காய்ந்த சேற்றுக்குள்ளே கிழங்கு அத்தனை நாளும் உயிரோடு இருந்திருக்கிறது. ஆண் பிள்ளை என்றால் என்ன பெயர் என்று நான் யோசிக்கவே இல்லை, பெண் என்றால் ஆம்பல் என்று அந்தப் படித்துறையிலேயே முடிவு பண்ணிவிட்டேன்.

பாப்பா பிறந்தது கார்த்திகை நட்சத்திரம். அ, இ, உ, எ, அதன் நெடில்கள் என்று எழுத்து வந்தது. சொந்தக்காரர்கள் வாட்ஸப்பில் ஆத்யா, ஆராதனா, ஆதிரா என்று வரிசையாக அனுப்பினார்கள். எனக்கு ஆ கிடைத்ததே போதும் என்றிருந்தது. அத்தையிடம் (என் வீட்டுக்காரரின் அம்மா) சொன்னபோது முருங்கைக்கீரை ஆய்ந்துகொண்டிருந்தார். நிமிர்ந்து பார்த்தவர், "பொட்டப்புள்ளைக்கு ஆம்பளன்னா பேரு வைப்பாவ? பள்ளிக்கூடத்துல புள்ளைவோ வாட்டி எடுத்துடாது?" என்றார். அவர் பயந்ததிலும் நியாயம் இருந்தது. ல் கொஞ்சம் நழுவினால் அப்படித்தான் காதில் விழும். நான் பதில் சொல்லவில்லை. கொஞ்ச நேரம் கழித்து அவரே, "ஏம்மா, கொட்டியும் ஆம்பலும் நெய்தலும் போலவேன்னு வருமே, அந்த ஆம்பலா?" என்றார். ஆமாம் அத்தை என்றதும், கீரைக் காம்பைக் கையில் வைத்துக்கொண்டே முழுப்பாட்டையும் சொன்னார். அஞ்சாம் வகுப்போடு படிப்பை நிறுத்தியவர் அவர்.

அற்ற குளத்தின் அறுநீர்ப் பறவைபோல்
உற்றுழித் தீர்வார் உறவல்லர் - அக்குளத்தில்
கொட்டியும் ஆம்பலும் நெய்தலும் போலவே
ஒட்டி உறுவார் உறவு.

மூதுரை. நம்மில் பாதிப் பேர் மனப்பாடமாக எழுதி மார்க் வாங்கிய பாட்டுதான். தண்ணீர் வற்றினால் பறவை பறந்துவிடும், கொட்டியும் ஆம்பலும் நெய்தலும் அந்தக் குளத்தோடேயே கிடந்து காயும். நான் படித்துறையில் நின்று கண்ணால் பார்த்ததைத்தான் ஔவையார் பாடி வைத்திருக்கிறார், அதுவும் பறவையை வைத்து ஒப்பிட்டு. இதே மூதுரையில் "நீரளவே ஆகுமாம் நீராம்பல்" என்று இன்னொன்றும் வரும், குளத்தில் எவ்வளவு தண்ணீரோ அவ்வளவு உயரத்துக்குத் தண்டு என்று. அந்தப் பாட்டை நான் மகளுக்குச் சொல்லித் தரும்போது முதல் இரண்டு அடியோடு நிறுத்திக்கொள்வேன், குலத்தளவே குணம் என்று முடிகிற கடைசி அடி எனக்கு ஒப்புதல் இல்லை.

அந்தத் தண்டைப் பற்றிச் சொல்ல வேண்டும். இந்தப் பக்கம் வளர்ந்தவர்களுக்குத் தெரிந்திருக்கும். பூவைத் தண்டோடு நீளமாக இழுத்து எடுக்க வேண்டும். வெடுக்கென்று இழுத்தால் பாதியில் அறுந்துவிடும், அடியில் கைவிட்டு மெதுவாக இழுத்தால் முழம் முழமாக வரும். அப்புறம் ஒரு விரற்கடை அளவு ஒடித்து, தோல் அறாமல் ஒரு பக்கம் உரித்துத் தொங்கவிட்டு, அடுத்த விரற்கடையை மறுபக்கம் உரித்து, இப்படியே பூ வரைக்கும் வந்தால் இரண்டு சரமாகத் துண்டு துண்டாகக் கோத்த மாதிரி ஒரு மாலை கிடைக்கும், பூ பதக்கம் மாதிரி நடுவில் தொங்கும். கழுத்தில் போட்டால் தண்டிலிருந்து தண்ணீர் சில்லென்று நெஞ்சில் இறங்கும். மிச்சத் தண்டைத் திருப்பிப் பார்த்தால் உள்ளே ஓட்டை ஓட்டையாக இருக்கும், ஒரு முனையைத் தண்ணீரில் வைத்து மறுமுனையில் ஊதினால் குமிழி வரும். பி.ஏ. தமிழ் படிக்கும்போது குறுந்தொகை 178-ஆம் பாட்டில் "தூம்புடைத் திரள்கால் ஆம்பல்" என்று பார்த்ததும் எனக்குக் குமிழிதான் ஞாபகம் வந்தது. தூம்பு என்றால் அந்த ஓட்டைதான். உள்ளே துளை உள்ள, திரண்ட காம்பு. நெடும்பல்லியத்தையார் குளத்தில் இறங்கி அந்தத் தண்டைப் பிடித்துப் பார்க்காமல் அப்படி எழுதியிருக்க மாட்டார். அந்தப் பாட்டில் ஆம்பல் பறிக்கிறவர்கள் தண்ணீரில் நின்றுகொண்டே தாகத்தில் தவிப்பார்கள், காதலி பக்கத்திலேயே இருந்தும் தீராத ஆசைக்கு அது உவமை. "ஆம்பல் நாறும் தேம்பொதி துவர்வாய்" என்று குறுந்தொகை 300-ல் சிறைக்குடி ஆந்தையார் சொல்வது இன்னும் நேரடி, பேசும்போது ஆம்பல் மணக்கிற வாய்.

பூ மட்டும் இல்லை. சிலப்பதிகாரத்தில் ஆய்ச்சியர் குரவையில் "ஆம்பலந் தீங்குழல் கேளாமோ தோழி" என்று வருகிற ஆம்பல் இசை. அது ஒரு வகைக் குழல் என்றும் சொல்வார்கள், ஒரு பண் என்றும் சொல்வார்கள். குறிஞ்சிப்பாட்டில் கபிலர் இரண்டையும் அடுத்தடுத்த அடியில் வைத்துவிடுகிறார், பொழுது சாய்கிற நேரத்தில் கோவலர் ஆம்பல் குழலை ஊதுகிறார்கள், அங்கே ஆம்பல் இதழ் விரிகிறது. வெள்ளை அல்லி ராத்திரியில் விரிந்து காலையில் கூம்புகிற பூ, அதனால் நேரமும் சரியாகப் பொருந்துகிறது. அதே பாட்டில் கபிலர் வரிசையாகச் சொல்லும் 99 பூக்களில் காந்தளுக்கு அடுத்து இரண்டாவதாக வருவது ஆம்பல்.

இன்னொரு பொருள் இருக்கிறது, என் வீட்டுக்காரருக்கு அதுதான் ரொம்பப் பிடிக்கும். ஆம்பல் என்பது ஒரு எண். கோடிக்கும் மேலே எங்கேயோ இருக்கிற பேரெண். தொல்காப்பியத்தில் ஐ, அம், பல் என்று முடிகிற எண்ணுப்பெயர்கள் என்று ஒரு நூற்பா உண்டு, உரைகாரர்கள் அதற்குத் தாமரை, வெள்ளம், ஆம்பல் என்று எடுத்துக்காட்டுவார்கள். பரிபாடலில் உலகம் தோன்றி அழிந்த ஊழிகளை எண்ணும்போதும் நெய்தல், குவளை, ஆம்பல் என்று பூப்பெயர்களையே எண்ணாக வைத்திருக்கிறார்கள். எண்ணி முடியாத அளவுக்குக் குளம் நிறையப் பூவைப் பார்த்தவர்கள் வைத்த எண் என்று எனக்குத் தோன்றும். கடை கணக்கு எழுதுகிறவர் அவர், "எம் மவ ஒரு நம்பருங்க" என்று எல்லோரிடமும் சொல்வார்.

சரி, இதெல்லாம் இனிப்பான பக்கம். பெயர் வைப்பதற்கு முன் என்னை ரெண்டு ராத்திரி தூங்கவிடாத பாட்டு ஒன்று இருக்கிறது. புறநானூறு 248, ஒக்கூர் மாசாத்தனார் பாடியது.

அளிய தாமே சிறுவெள் ளாம்பல்
இளைய மாகத் தழையா யினவே

என்று தொடங்கும். புருஷனை இழந்தவள் பேசுகிறாள். சின்ன வெள்ளாம்பல், பாவம், சின்ன வயசில் எனக்கு உடுத்துகிற தழையாக இருந்தது, இப்போது அவர் போய்விட்ட பிறகு, வேளை கெட்ட வேளையில் தின்கிற அல்லிப் புல்லரிசியாகிவிட்டது. ஐந்தே அடி. ஒரு செடிதான் அவளுக்கு உடையாகவும் இருந்தது, கைம்மை நோன்புச் சோறாகவும் ஆனது.

இதைப் படிக்கும்போதெல்லாம் எனக்கு அப்பாயி ஞாபகம் வரும். அப்பாயிக்கு முப்பது வயசிலேயே தாத்தா போய்விட்டார். நாலு பிள்ளைகள். அறுப்பு இல்லாத மாசங்களில் குளத்தில் இறங்கிக் காலால் சேற்றைத் துழாவி அல்லிக்கிழங்கும் கொட்டிக்கிழங்கும் எடுத்து அவித்துக் கொடுத்ததை அப்பாயி ரொம்பச் சாதாரணமாகச் சொல்லும். "கால் பெருவிரல்ல தட்டுப்படும்டி, உருண்டையா. அப்புடியே முங்கி எடுக்க வேண்டியதுதான்." கிழங்கின் ருசி எப்படி என்று கேட்டால், "பசிக்கு ருசி ஏது" என்று மட்டும் சொல்லும். அது பூ வைத்து நான் பார்த்ததே இல்லை, வைக்கவும் விடமாட்டார்கள். சின்னப்பிள்ளையில் எங்களுக்கு அந்தத் தண்டு மாலை செய்யக் கற்றுக்கொடுத்தது அப்பாயிதான். செய்து முடித்ததும் எங்கள் கழுத்தில்தான் போடும்.

கைம்மைப் பாட்டில் வருகிற பெயரைப் பெண் குழந்தைக்கு வைக்கலாமா என்று ஒரு நாள் முழுக்க யோசித்தேன். வைக்கக்கூடாது என்று எனக்குத் தோன்றவில்லை. அந்தப் பாட்டில் ஊரும் உறவும் அவளுக்குச் சோறு போடவில்லை, குளம் போட்டது. அப்பாயிக்கும் அப்படியே. கெட்ட சகுனம் அந்தப் பெண்ணை அப்படி நோன்பு இருக்கச் சொன்னவர்களிடம்தான் இருக்கிறது, ஆம்பலிடம் இல்லை.

அந்தப் பாட்டில் அல்லி என்று வருவதைக் கவனித்தீர்களா? அங்கே ஆம்பல்தான் செடி, அல்லி என்பது அதன் காயிலிருந்து எடுக்கிற அரிசி. பள்ளிக்கூடத் தாவரவியலில் புல்லிவட்டம், அல்லிவட்டம் என்று படித்தோமே, அங்கே அல்லி என்பது உள்ளிதழ். ஒரு பகுதிக்கு இருந்த பெயர் இன்றைக்கு முழுப்பூவுக்கும் ஆகிவிட்டது, ஆம்பல் என்ற சொல் பேச்சிலிருந்து போய்விட்டது. பட்டுக்கோட்டைப் பக்கம் ஆம்பலாப்பட்டு என்று ஊர்ப்பெயரில் நிற்கிறது, அவ்வளவுதான். ஆனால் கேரளாவில் போகவில்லை. பிரசவத்தின்போது என்னைப் பார்த்துக்கொண்ட நர்ஸ் மலையாளி. பெயரைச் சொன்னதும் அவர் மட்டும்தான் "என்னது?" என்று கேட்கவில்லை. "ஆம்பலோ! எங்க வீட்டுப் பக்கத்துல நிறைய உண்டு" என்று குழந்தையைக் கையில் வாங்கிக்கொண்டார். அவர்களுக்கு அது இன்றைக்கும் தினப்படிச் சொல். கோட்டயம் பக்கத்து மலரிக்கல் வயல்களில் ஆம்பல் பூக்கிற காலத்தில் படகில் போய்ப் பார்க்கக் கூட்டம் கூடுகிறது.

நமக்கு அது திரும்பி வந்தது ஏட்டுச்சுவடி வழியாக. பத்துப்பாட்டு 1889, சிலப்பதிகாரம் 1892, புறநானூறு 1894, இந்த மூன்றையும் உ.வே.சாமிநாதையர் பதிப்பித்தது கும்பகோணம் கல்லூரியில் வேலை பார்த்த காலத்தில். அவர் பிறந்த உத்தமதானபுரமும் இங்கே பாபநாசம் பக்கம்தான். எங்கள் வீட்டிலிருந்து ஒரு மணி நேரத் தூரத்தில் ஒருவர் விளக்கு வெளிச்சத்தில் செல்லரித்த ஏட்டைப் பிரித்துப் படித்து எழுதவில்லையென்றால் என் மகளுக்கு இந்தப் பெயர் இல்லை. இங்கே நாகப்பட்டினத்தில் 1876-ல் பிறந்த வேதாசலம்தான் பின்னால் தனித்தமிழுக்காகத் தன் பெயரையே மறைமலையடிகள் என்று மாற்றிக்கொண்டார். இன்றைக்கு யாழினி, நறுமுகை, மகிழினி என்று கூப்பிடும்போது அந்தத் தெம்பு எங்கிருந்து வந்தது என்பதையும் நினைத்துக்கொள்ளலாம்.

பிறப்புச் சான்றிதழில் முதலில் 'ஆம்பள்' என்று அடித்துக் கொடுத்தார்கள். ஒரு புள்ளியெழுத்துக்காக மூன்று தடவை நடந்தேன். ஆங்கிலத்தில் ஒரே ஒரு ஏ போட்டு எழுதினால் எல்லோரும் அம்பாள் என்றுதான் படிக்கிறார்கள், ஆகவே இரண்டு ஏ. இந்த மாதிரி பெயர் வைக்கப் போகிறவர்கள் விண்ணப்பத்தைக் கொடுக்கும் முன்பே இரண்டு மொழியிலும் எழுத்தை முடிவு பண்ணி ஒரு தாளில் எழுதிக் கையில் கொண்டுபோங்கள். சொல்லிப் புரியவைக்க முடியாது. அப்புறம், சங்கப் பாட்டில் ஊர் கிசுகிசுவுக்கு 'அம்பல்' என்று குறிலில் ஒரு சொல் இருக்கிறது, அது வேறு, இது வேறு. தமிழ் படித்தவர்கள் இதை வைத்துக் கேலி பண்ணினால் பதில் சொல்லத் தயாராக இருங்கள்.

பள்ளிக்கூடத்தில் அத்தை பயந்த மாதிரி ஒரு பையன் "ஆம்பள" என்று கூப்பிட்டிருக்கிறான். மறுநாள் இவள் அல்லித்தண்டு மாலை ஒன்று கொண்டுபோய் வகுப்பில் காட்டினாள், "இது நானு" என்று. இப்போது அந்தப் பையன் வீட்டிலும் மாலை செய்கிறார்களாம்.

எங்கள் குளத்தில் பூ முன்பு மாதிரி இல்லை. வடகரையில் ஆகாயத்தாமரை ஏறிக்கொண்டே வருகிறது, அது மூடிய இடத்தில் அல்லி இலைக்கு வெயில் கிடைப்பதில்லை. போன கோடையில் தெருவில் ஏழெட்டுப் பேர் சேர்ந்து ஒரு பக்கத்தை மட்டும் வாரிப் போட்டோம். இந்த வருஷம் அந்தப் பக்கத்தில் மகள் பதினோரு பூ எண்ணினாள்.

போன வாரம் என் நாத்தனார் போன் பண்ணினாள். அவளுக்கு ஐப்பசியில் நாள். பெண் பிறந்தால் அதே மாதிரி ஒரு பேர் சொல்லு அண்ணி என்றாள். குவளை என்றேன். டம்ளர் மாதிரி இருக்கே என்றாள், அவள் சொல்வதும் சரிதான். நெய்தல் என்றேன். கொஞ்ச நேரம் சத்தமே இல்லை. "நெய்தல்... நெய்தல்..." என்று ரெண்டு தடவை சொல்லிப் பார்த்துவிட்டு, அவரிடம் கேட்டுச் சொல்கிறேன் என்று வைத்துவிட்டாள்.