டிரையருக்கும் இவர்தான், வான் டிரியருக்கும் இவர்தான்

நேற்று ராத்திரி ‘ஒர்டெட்’ மறுபடி பார்த்தேன். கார்ல் டிரையர் இயக்கி, 1955-இல் வெனிஸ் திரைப்பட விழாவில் தங்கச் சிங்கம் விருது வாங்கிய டென்மார்க் படம். இரண்டு மணி நேரத்துக்கு மேல் ஓடுகிறது, ஷாட்கள் ஏறக்குறைய 114-தான். கடைசியில் சவப்பெட்டி வைத்த அறை, ஜன்னல் முழுக்க வெள்ளை வெளிச்சம், இறந்தவளின் விரல்கள் மெல்ல அசைகின்றன. எத்தனாவது முறை பார்த்தாலும் மூச்சு நின்றுவிடுகிறது.

ஒளிப்பதிவு ஹென்னிங் பென்ட்ஸன். 1964-இல் டிரையரின் கடைசிப் படம் ‘கெர்ட்ரூட்’டும் இவர்தான். அப்புறம் 1991-இல் இன்னொரு டென்மார்க் இயக்குநர் லார்ஸ் வான் டிரியரின் ‘யூரோப்பா’ (கூட வேறு இரண்டு ஒளிப்பதிவாளர்களும் உண்டு). அதில் முன்பே எடுத்த காட்சி பின்திரையில் ஓட, நடிகர்கள் முன்னால் நிற்பார்கள். கறுப்பு வெள்ளைக்கு நடுவே திடீரென்று கலர். பழைய கார்ட்டூன் படங்களுக்கு, படம் வரைந்த கண்ணாடிகளை ஒன்றன்பின் ஒன்றாக அடுக்கி எடுத்தார்களே, கிட்டத்தட்ட அந்த வேலைதான்.

சரி, இன்றைக்கு ‘யூரோப்பா’.