வைவாவுக்கு ஒரு ஹங்கேரி வீரர்: சாண்டோர் கோச்சிஷைப் படித்த அனுபவம்

எம்.பி.எட். படிப்பில் விளையாட்டு வரலாற்றுத் தாளுக்காக ஒரு வீரரின் வாழ்க்கையை ஆராய்ந்து கட்டுரை எழுதினேன். அதை வைத்துத்தான் வைவா என்ற வாய்மொழித் தேர்வும் நடந்தது. நான் எடுத்துக்கொண்டவர் 1950களின் ஹங்கேரி கால்பந்து அணியில் இன்சைட் ரைட் ஆக, அதாவது வலப்பக்க உள் முன்கள வீரராக, ஆடிய சாண்டோர் கோச்சிஷ். அடுத்து இந்தத் தாளை எழுதப் போகிறவர்களுக்குப் பயன்படும் என்று நான் படித்த முறையை இங்கே எழுதுகிறேன்.

அந்த அணி என்றாலே எல்லோரும் அதன் நட்சத்திர வீரர் புஷ்காஷைத்தான் எடுப்பார்கள். தகவல் நிறையக் கிடைக்கும், உண்மைதான். ஆனால் எக்ஸ்டர்னலாக (வெளித் தேர்வாளராக) வருபவர் அதை எத்தனையோ முறை கேட்டிருப்பார். கோச்சிஷ் ஹங்கேரிக்காக 68 ஆட்டங்களில் 75 கோல் அடித்தவர், ஆட்டத்துக்கு ஒன்றுக்கும் மேல். அப்படிப்பட்டவர், அந்த அணியைப் பற்றிப் பேசும்போதெல்லாம் வருகிற இரண்டு ஆட்டங்களில் ஒரு கோல்கூட அடிக்கவில்லை. ஒன்று 1953 நவம்பர் 25 அன்று லண்டனின் வெம்பிளி மைதானத்தில் இங்கிலாந்தை 6-3 என்று வென்றது. மற்றொன்று 1954 ஜூலை 4 அன்று சுவிட்சர்லாந்தின் பெர்னில் மேற்கு ஜெர்மனியிடம் 2-3 என்று தோற்ற உலகக் கோப்பை இறுதி ஆட்டம். இது ஏன் என்ற கேள்விதான் என்னைக் கடைசிவரை இழுத்துக்கொண்டு போனது. பிறந்த தேதியிலிருந்து எழுத உட்காராதீர்கள். இப்படி ஒரு கேள்வி கிடைக்கும்வரை படியுங்கள்.

வெம்பிளியைப் புரிந்துகொள்ள ஒரு தாளில் மைதானத்தை வரைந்தே ஆக வேண்டும். அந்தக் காலத்து டபிள்யூ-எம் அமைப்பில் (வீரர்கள் நிற்கும் வடிவம் W, M எழுத்துகளைப் போல இருக்கும்) எதிரணியின் சென்டர் ஃபார்வர்டை, அதாவது நடு முன்கள வீரரை, ஒட்டி நிற்பது சென்டர் ஹாஃப் என்ற நடுத் தடுப்பு வீரரின் வேலை. ஹங்கேரியின் 9ஆம் எண் ஹிடெக்குட்டி முன்னால் நிற்காமல் பின்வாங்கி நடுக்களத்துக்கு வந்துவிட்டார். இங்கிலாந்தின் சென்டர் ஹாஃப் ஹாரி ஜான்ஸ்டன் அவர் பின்னால் போனால் நடுவில் ஓட்டை விழும். போகாவிட்டால் ஹிடெக்குட்டியைத் தடுக்க ஆளில்லை. 8ஆம் எண் கோச்சிஷும் 10ஆம் எண் புஷ்காஷும் அவருக்கு முன்னால் ஏறி நின்றார்கள். ஹிடெக்குட்டி 3, புஷ்காஷ் 2, போஷிக் 1 என்று கோல்கள் வந்தன. கோச்சிஷ் பெயர் அந்தப் பட்டியலில் இல்லை. ஆனால் படத்தில் அவரை அழித்துப் பாருங்கள், இங்கிலாந்தின் தடுப்பு வீரர் ஒருவருக்கு வேலை குறைந்துவிடும். 1954 மே 23 அன்று புடாபெஸ்டில் நடந்த மறு ஆட்டத்தில் ஹங்கேரி 7-1 என்று வென்றது, அதில் கோச்சிஷுக்கு 2 கோல். இந்த உத்தியை எம்.டி.கே. கிளப்பில் மார்ட்டன் புகோவி முன்பே முயன்றிருந்தார் என்பதையும், தேசிய அணியின் பயிற்சியாளர் குஸ்டாவ் ஷெபெஷ் என்பதையும் சேர்த்தே படித்துவிடுங்கள்.

1954 உலகக் கோப்பையில் அவர் 11 கோல் அடித்தார் என்று மட்டும் மனப்பாடம் செய்தால் போதாது, பிரித்துப் படிக்க வேண்டும். தென் கொரியாவுடன் (9-0) மூன்று, மேற்கு ஜெர்மனியுடன் முதல் சுற்றில் (8-3) நான்கு, பிரேசிலுடன் (4-2) இரண்டு, உருகுவேயுடன் (4-2) இரண்டு. இதில் நான் அதிக நேரம் கொடுத்தது லொசானில் நடந்த உருகுவே அரையிறுதிக்கு. உருகுவே அதுவரை உலகக் கோப்பையில் தோற்றதே இல்லை. மேற்கு ஜெர்மனியுடனான முதல் சுற்று ஆட்டத்தில் கணுக்காலில் அடிபட்டிருந்ததால் புஷ்காஷ் ஆடவில்லை. 2-0 என்ற முன்னிலை 2-2 ஆகி, ஆட்டம் கூடுதல் நேரத்துக்குப் போனது. அங்கே கோச்சிஷ் தலையால் முட்டி இரண்டு கோல் அடித்து முடித்துவைத்தார். அவரைத் தங்கத் தலைக்காரர் என்று ஏன் அழைத்தார்கள் என்பதற்கு இந்த ஓர் ஆட்டம் போதும். இறுதி ஆட்டத்தில் எட்டாவது நிமிடத்துக்குள் ஹங்கேரியின் புஷ்காஷும் த்சிபோரும் ஆளுக்கு ஒன்று அடித்துவிட்டார்கள். 18ஆவது நிமிடத்தில் 2-2. இரண்டாம் பாதியில் கோச்சிஷ் முட்டிய பந்து மேல்கம்பத்தில் பட்டது. 84ஆவது நிமிடத்தில் ரான் ஜெர்மனியின் மூன்றாவது கோலை அடித்தார்.

இனி அரசியல். விளையாட்டுத் துறை மாணவர்கள் பலர் இதைத் தாண்டிப் போய்விடுகிறார்கள், வைவாவில் திணறுவதும் இங்கேதான். 1949இல் ஃபெரன்ஸ்வாரோஷ் கிளப்புடன் லீக் பட்டம் வென்ற கோச்சிஷ், 1950இல் ஏன் ஹோன்வேடுக்குப் போனார்? கிஸ்பெஷ்ட் கிளப்பை ராணுவத்தின் கீழ் கொண்டுவந்து ஹோன்வேட் ஆக்கியது அரசு. தேசிய அணியின் முக்கிய வீரர்கள் ஒரே கிளப்பில் சேர்ந்து ஆட வேண்டும் என்பது திட்டம். 1956 அக்டோபரில் ஹங்கேரியில் சோவியத் ஆதரவு அரசுக்கு எதிராகப் புரட்சி வெடித்தது. நவம்பரில் ஐரோப்பியக் கோப்பைக்காக (கிளப்புகளுக்கான போட்டி) ஸ்பெயினின் பில்பாவோவில் ஆடிய ஹோன்வேட் 2-3 என்று தோற்றது. மறு ஆட்டம் புடாபெஸ்டில் நடக்க முடியாமல் பிரஸ்ஸல்ஸில் நடந்து 3-3 என்று முடிந்தது. அப்புறம் ஹங்கேரி கால்பந்துச் சங்கத்தின் அனுமதி இல்லாமல் பிரேசில் வரை போய் ஆடினார்கள். புஷ்காஷ், கோச்சிஷ், த்சிபோர் மூவரும் நாடு திரும்பவில்லை. ஃபிஃபா தடை வந்தது. ஆக, 75 என்ற எண் அங்கேயே நின்றபோது கோச்சிஷுக்கு வயது 27தான். "ஏன் அதற்கு மேல் இல்லை?" என்று என்னிடம் கேட்டார்கள். 1956 பற்றிப் படித்திருந்ததால்தான் நிதானமாகப் பதில் சொல்ல முடிந்தது. உங்கள் கல்லூரியின் வரலாற்றுத் துறையில் யாரையாவது பிடித்து ஒரு மணி நேரம் பேசிவிடுங்கள்.

சூரிச்சில் யங் ஃபெலோஸ் அணியுடன் கொஞ்ச காலம் இருந்தபின், 1958இல் பார்சிலோனா. ஏற்கெனவே அங்கே ஆடிக்கொண்டிருந்த குபாலாவும் ஹங்கேரியை விட்டு வந்தவர்தான். 1959, 1960 லீக் பட்டங்கள், 1960இல் வுல்வர்ஹாம்ப்டன் மைதானத்தில் ஒரே ஆட்டத்தில் 4 கோல். பிறகு 1961 மே 31, ஐரோப்பியக் கோப்பை இறுதி ஆட்டம். மீண்டும் அதே பெர்ன், அதே வாங்க்டார்ஃப் மைதானம். கோச்சிஷ் தலையால் ஒரு கோல், த்சிபோர் ஒரு கோல். பென்ஃபிகா 3, பார்சிலோனா 2. இதை எழுதும்போது எனக்கு மனம் கனத்தது. ஆனாலும் கட்டுரையில் தேதி, இடம், கோல் மட்டும் போட்டு விட்டுவிட்டேன். விதி, சாபம் என்று எழுத ஆரம்பித்தால் மதிப்பெண் குறையும், அதோடு ஆட்டத்தை விளக்கும் வேலையும் நின்றுபோகும்.

கோல் கணக்கைப் பொறுத்தவரை, கிளப், லீக், தேசிய அணி என்று தனித்தனியாக எழுதுங்கள், ஒன்றாகக் கூட்டாதீர்கள். 1952 ஹெல்சின்கி ஒலிம்பிக் தங்கத்துக்கும் ஒரு பத்தி வேண்டும்.

கோச்சிஷை நான் எடுத்துவிட்டேன் என்பதால் வேறு ஆள் தேடுபவர்கள் போஷிக்கைப் பாருங்கள். ஹாஃப் பேக் (முன்களத்துக்குப் பின்னால் ஆடுபவர்), அதே ஹோன்வேட், அதே 1956 பயணம். ஆனால் அவர் ஹங்கேரிக்குத் திரும்பினார், 1958 உலகக் கோப்பையிலும் ஆடினார், மொத்தம் 101 ஆட்டங்கள். இந்த இருவரையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து ஒப்பிட்டு எழுதினால் அருமையான தலைப்பு, வழிகாட்டும் ஆசிரியரும் மறுக்க மாட்டார்.