எழுதியவர் பெயரைத் தேடி

ஹெல்சிங்கியில் நண்பர்கள் சிலர் சேர்ந்து மாதம் ஒரு படம் பார்க்கிறோம். படம் போடுவதற்கு முன் யாராவது ஒருவர் ஐந்து நிமிடம் பேச வேண்டும். ஓவியம் பற்றிய படங்கள் என்று முடிவானபோது என் தலையில் விழுந்தது 2018இல் வந்த 'துந்தெமாத்தொன் மெஸ்தாரி'. பெயருக்கு 'அறியப்படாத மேதை' என்று பொருள்.

கடையை மூடும் வயதிலிருக்கும் ஓவிய வியாபாரி ஓலவி. ஏலத்துக்கு வந்த கையெழுத்தில்லாத ஓவியம் ஒன்றைப் பார்த்து, இது ரஷ்ய ஓவியர் இல்யா ரெபின் வரைந்ததாயிற்றே என்று சந்தேகப்படுகிறார். பேரனோடு சேர்ந்து அதன் பூர்வீகத்தைத் துருவுகிறார். கையெழுத்து ஏன் இல்லை என்பதை இங்கே சொன்னால் படம் பார்க்காதவர்கள் சண்டைக்கு வருவார்கள்.

இயக்குநர் க்ளவுஸ் ஹேரோவைப் பற்றி வேண்டிய அளவு படிக்கக் கிடைத்தது. எழுதியவர் யார்? ஃபின்லாந்தின் திரைப்படக் காப்பகம் நடத்தும் எலோநெத் பட்டியலைத் திறந்தேன். எல்லாம் ஃபின்னிஷ். 'கேசிகிர்யோய்துஸ்' என்ற சொல்லில் 'கேசி' என்றால் கை, 'கிர்யோய்துஸ்' என்றால் எழுத்து. ஏதோ கையெழுத்துச் சமாச்சாரம் என்று தாண்டிப் போய்விட்டேன்! அகராதியைப் பார்த்த பிறகுதான் விளங்கியது: கைப்பிரதிக்கும் திரைக்கதைக்கும் அவர்களுக்கு அது ஒரே சொல். எதிரே இருந்த பெயர் அன்னா ஹெய்னேமா.

அப்புறம் நூலகத்துக்குப் போனேன். சினிமாப் புத்தகம் ஒன்றின் பெயர் அடைவில் ஆளையே காணோம். அரை மணி நேரம் போனது. அவர் பெயரில் வரும், மேலே இரண்டு புள்ளி வைத்த 'ஏ' (ä), ஃபின்னிஷ் நெடுங்கணக்கில் தனி எழுத்து. கடைசிக்கு முந்தைய எழுத்து. நானோ அதைச் சாதாரண 'அ' (a) இடத்தில் தேடிக்கொண்டிருந்தேன். ஹெய்னோனென்கள் எல்லாரும் முடிந்த பிறகு அம்மையார் உட்கார்ந்திருந்தார். ஹேரோவின் 'மியேக்கைலியா' (2015) கூட அவர் எழுதியதுதான். எஸ்தோனியப் பள்ளியில் வாள்வீச்சு சொல்லித்தரும் ஆசிரியரின் கதை. கோல்டன் குளோப் பரிந்துரை வரை போன படம்.

இன்னொரு சந்தேகமும் இருந்தது. ரஷ்யப் பேரரசின் பெரிய ஓவியர் வரைந்தது ஹெல்சிங்கி ஏலத்துக்கு எப்படி வரும்? தேடினால், ரெபின் கடைசிக் காலம் முழுக்க வாழ்ந்தது குவோக்கலா கிராமத்தில். 1917இல் ஃபின்லாந்து தனி நாடானபோது அந்தக் கிராமமும் அதோடு வந்தது. 1930இல் அங்கேயே இறந்தார். இரண்டாம் உலகப் போருக்குப் பின் கிராமம் ரஷ்யா பக்கம் போனது. இப்போது அதன் பெயரே ரெபினோ. ஆக, ஹெய்னேமா காற்றில் கயிறு திரிக்கவில்லை. என் ஐந்து நிமிடத்தில் மூன்று நிமிடம் இதற்கே போய்விட்டது.

அடுத்த மாதம் 'தோவே' (2020). மூமின் கதைகளால் பெயர் பெற்ற தோவே யான்சோன் தன்னை முதலில் ஓவியராக நினைத்தவர். பேசப்போவது வேறு ஒரு நண்பர். கேட்காமலே ஒரு துண்டுச் சீட்டு கொடுத்துவிட்டேன்: 'கேசிகிர்யோய்துஸ் – ஏவா புத்ரோ.'